முதலில் காசு, பிறகு வாபஸ்

போன மாதம் எங்கள் ஊர்ச் சங்கத்தின் செயலாளர் தம்பி வீட்டுக்கு வந்தார். ஆண்டு மலருக்கு ஒரு கட்டுரை வேண்டுமாம். வழக்கறிஞர் அலுவலகம் ஒன்றில் நீண்ட காலம் வேலை செய்து ஓய்வு பெற்ற தமிழ்ப் பெண் ஜெர்மனியின் ஹம் நகரத்தில் நான் ஒருத்திதானாம்.

"இளம் பிள்ளையளுக்குப் பிரயோசனமா இருக்கும் அக்கா. ஆனா கொஞ்சம் பொதுவா எழுதுங்கோ. பழைய பிரச்சினையள் வேண்டாம்."

தேத்தண்ணீரைக் கொடுத்து அனுப்பிவிட்டேன். பழைய பிரச்சினை என்று அவர் சொன்னது பிரவீனாவின் வழக்கை. அதை விட்டுவிட்டு எழுத என்னிடம் பெரிதாக ஒன்றும் இல்லை. ஆகவே அதையே எழுதுகிறேன். போடுவதென்றால் முழுதாகப் போடுங்கள். இடையில் இரண்டு பந்தியை வெட்டிவிட்டு, கட்டுரைக்கு மேலே என் படத்தைப் பூ வளையத்துக்குள் போடுகிற வேலை வேண்டாம்.

பெயர்களை மாற்றியிருக்கிறேன். பிரவீனாவும் அவளுடைய தாயும் எழுத்தில் சம்மதம் தந்திருக்கிறார்கள். தகப்பனிடமும் கேட்டேன். "நடந்ததைத்தானே எழுதப் போறியள், எழுதுங்கோ" என்றார். அந்த ஒரு சொல்லுக்காக அவர்மேல் எனக்கிருந்த கோபத்தில் பாதி போய்விட்டது. மீதிப் பாதி இருக்கிறது.

நான் இந்த வேலைக்கு வந்த கதை சிறியது. எண்பதுகளில் கிழக்கு பேர்லினின் ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்து இறங்கியவர்களில் நானும் ஒருத்தி. வெதுப்பகத்தில் தட்டுக் கழுவினேன், ஒரு பல் வைத்தியரின் அறையைத் துடைத்தேன். முப்பது தாண்டிய பிறகு வழக்கறிஞர் அலுவலக உதவியாளருக்கான அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சியில் சேர்ந்தேன். வகுப்பில் மற்றவர்கள் பள்ளி முடித்த கையோடு வந்த பிள்ளைகள். முதல் நாள் என்னை ஆசிரியை என்று நினைத்து எல்லோரும் எழுந்து நின்றார்கள். நானும் இருங்கள் என்று சொன்னேன்.

பிறகு வழக்கறிஞர் ஃபிராவ் லீன்ஹார்டின் அலுவலகம். குடும்ப வழக்குகள்தான் கூடுதலாக வரும். அந்த அம்மா மழை பெய்தாலும் பனி கொட்டினாலும் சைக்கிளில்தான் வருவார். கோப்பியை ஆறவைத்துத்தான் குடிப்பார். குரலை உயர்த்தியதே இல்லை. ஆனால் நான் ஒரு தவணைத் திகதியை நாட்காட்டியில் பதிய மறந்த அன்று, "தவமணி, இந்த நாளில் ஒரு மனிதர் தன் வீட்டை இழந்திருக்கலாம்" என்று மெதுவாகச் சொன்னார். அதற்குப் பதில் அவர் என்னை அடித்திருக்கலாம்.

கட்சிக்காரர் கையெழுத்துப் போடும்போது அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. கடதாசியை மேசையில் வைப்பார். பேனை தன் சட்டைப் பையிலேயே இருக்கும். "இதில் கையெழுத்துப் போட்டால் நாளைக் காலை உங்களுக்கு என்ன நடக்கும், உங்கள் சொற்களில் சொல்லுங்கள்" என்பார். ஆள் சரியாகச் சொன்ன பிறகுதான் பேனை வெளியே வரும். சிலர் கோபித்துக்கொண்டு எழும்பிப் போயிருக்கிறார்கள். அவர் ஆறிய கோப்பியைக் குடித்துக்கொண்டிருப்பார்.

இனி வழக்கு.

சுகந்தியும் ரவியும் பிரிந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. மகள் பிரவீனா பெரிய பிள்ளையானாள். பிரிந்திருந்தாலும் அதற்கான சாமத்திய வீட்டுக் கொண்டாட்டத்தைச் செய்யாமல் விட இருவருக்கும் மனமில்லை. மண்டபம் எடுத்தார்கள். தாயும் தகப்பனும் ஊருக்காக மேடையில் பிள்ளையின் இரண்டு பக்கமும் நின்று படம் எடுத்தார்கள். சனம் வரிசையில் வந்து அன்பளிப்பு உறையைப் பிள்ளையின் கையில் கொடுத்தது. கொண்டாட்டம் முடிந்ததும் உறைகள் இருந்த பெட்டியை ரவி தன் காரில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார். பல ஆயிரம் யூரோ.

ரவியின் வாதம் எங்கள் ஆட்கள் எல்லோருக்கும் விளங்கும். "இருபது வருசமா எல்லாற்றை வீட்டுக் கொண்டாட்டத்துக்கும் நான் குடுத்தது. அது திரும்பி வந்திருக்கு. நாளைக்கு அவையளின்ர பிள்ளையளுக்கு நான்தான் திருப்பிக் குடுக்கோணும்." அவர் கள்ளனில்லை. கொடுத்ததை வாங்குவதும் வாங்கியதைக் கொடுப்பதும் எங்களிடத்தில் மானப் பிரச்சினை. சுகந்தி அந்தக் காசில் ஒரு சதமும் தனக்குக் கேட்கவில்லை. அது மகளுடையது, அவள் படிப்புக்கு அது அப்படியே இருக்க வேண்டும் என்றாள். ரவியோ புதுக் கார் ஒன்றுக்கு விலை பேசிக்கொண்டிருப்பதாகக் கேள்வி.

ஃபிராவ் லீன்ஹார்ட் குடும்ப நீதிமன்றத்தில் ஒரு அவசர மனுப் போட்டார். யாருடைய காசு என்பது பிறகு. அது முடிவாகும்வரை ரவி அதைச் செலவழிக்கவோ வேறு இடத்துக்கு மாற்றவோ கூடாது என்று தடை கேட்டோம். நீதிபதி விசாரணைக்கு நாள் குறித்து டெர்மின் கொடுத்தார்.

மனு ரவியின் கைக்குப் போன உடனே ஊர் எழும்பிவிட்டது. தமிழ்ப் பிள்ளையின் சாமத்தியக் காசு ஜெர்மன் நீதிமன்றத்துக்குப் போவதா என்று கடைகளில் கதை. எனக்கு வந்த தொலைபேசி அழைப்புகளில் பாதிக்கு மேல் என்னைத் திட்டத்தான். ஒருத்தி, "நீங்கள் எங்கட ஆளோ, அவையளின்ர ஆளோ?" என்று கேட்டாள். "நான் பிள்ளையின்ர ஆள்" என்று சொல்லி வைத்துவிட்டேன்.

பிறகு செல்வம் அண்ணை எங்கள் வீட்டுக்கு வந்தார். அப்போது சங்கத்தின் தலைவர். யாருக்கு என்ன பிணக்கு வந்தாலும் காசை அவரிடம் கொடுத்து வைப்பது இங்கே வழக்கம். கடை பிரித்த பங்காளிகள், காணி விற்ற சகோதரர்கள் என்று எல்லோருக்கும் அவர்தான் பொது ஆள். பேச்சு முடிந்தால் அவர் வாயால் சொல்லுகிற பிரகாரம் காசு போகும். கடதாசி இல்லை, கையெழுத்து இல்லை. அன்றைக்கு அவர் என்னோடு கதைக்க வரவில்லை. என் கணவரோடு கதைக்க வந்தார். அதிலேயே எனக்குக் கோபம் ஏறிவிட்டது.

"தம்பி, தங்கச்சிக்குக் கொஞ்சம் சொல்லும். முதல்ல வழக்கை வாபஸ் வாங்கட்டும். பிறகு நாங்கள் இருந்து கதைப்பம். காசு என்னட்ட இருக்கட்டும்."

"அண்ணை, தங்கச்சி இஞ்சதான் நிக்கிறன். என்னட்டயே சொல்லுங்கோ."

"என்ன பிள்ளை, என்னில நம்பிக்கையில்லையோ?"

"உங்களில நம்பிக்கை இருக்கு. முதல்ல வாபஸ், பிறகு கதை எண்டுறீங்களே, அதிலதான் இல்லை. வாபஸ் வாங்கின மனுவைப் பிறகு ஆர் தருவினம்? காசு முதல்ல பூட்டுக்குள்ள போகட்டும். அதுக்குப் பிறகு வாபஸைப் பற்றிக் கதைப்பம்."

"வழக்கு நிக்கேக்க ரவி காசைத் தரமாட்டான். அவனுக்கும் ரோசம் இருக்கெல்லோ."

"அப்ப அந்தப் பிள்ளைக்கு ரோசமில்லையோ?"

அவர் தேத்தண்ணீரைத் தொடாமல் எழும்பிப் போனார். என் கணவர் இரண்டு நாள் என்னோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. மூன்றாம் நாள் இடியப்பம் அவித்தேன், கதைத்தார்.

ஆனால் சுகந்தி தனியாக இருந்தவள். அவளை என்னைப் போல நினைக்கக் கூடாது. தொழிற்சாலையில் அவளோடு வேலை செய்த தமிழ்ப் பெண்கள் சாப்பாட்டு மேசையில் அவளுக்கு இடம் விடவில்லை. யாழ்ப்பாணத்திலிருந்து தாய் தொலைபேசி எடுத்து அழுதார். கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை செல்வம் அண்ணை வீட்டில் ஐந்தாறு பேர் இருந்து, நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் எழுத வைத்தார்கள். இப்படியான அவசர மனுவில் வழக்கறிஞர் இல்லாமலே ஒருவர் நேரே எழுதலாம். எங்களிடம் ஒரு சொல் கேட்கவில்லை.

அவர்கள் சொன்னது ஒரே வரி: மனுவை வாபஸ் பெறுகிறேன். சுகந்தி பேனையை வைத்துக்கொண்டு அழுதாளாம். "காசைச் செல்வம் அண்ணையிட்ட அவர் குடுத்தால் எண்டும் எழுதட்டே?" என்று கேட்டாளாம். எழுது பிள்ளை, அதில் என்ன, வடிவாகத்தானே இருக்கு என்றார்களாம். அப்படியே எழுதினாள்: கணவர் காசைச் செல்வம் அண்ணையிடம் ஒப்படைத்து அவர் அதைப் பாதுகாத்து வைத்திருந்தால், என் மனுவை வாபஸ் பெறுகிறேன். ஐந்தாறு பேரும் சந்தோசமாகக் கைகொடுத்தார்கள். ரவியும் அடுத்த நாள் காசைக் கொண்டுபோய்ச் செல்வம் அண்ணையிடம் கொடுத்தார். ஊரில் சமாதானம் வந்துவிட்டது.

நீதிமன்றம் அந்தக் கடிதத்தின் பிரதியை எங்களுக்கு அனுப்பியது. தபாலை உடைத்து வாசித்தேன். ஆத்திரமும் துக்கமும் ஒன்றாக வந்தன. ஃபிராவ் லீன்ஹார்டின் மேசையில் வைத்துவிட்டு, "எல்லாம் முடிந்துவிட்டது" என்றேன்.

அவர் இரண்டு முறை வாசித்தார். "முடியவில்லை" என்றார். "நிபந்தனை போட்டு வாபஸ் வாங்க இங்கே சட்டம் விடுவதில்லை. வழக்கு இருக்கிறதா இல்லையா என்று நீதிபதிக்கு அந்த நிமிடமே தெரிய வேண்டும். வெளியே யாரோ யாரிடமோ காசு கொடுத்தாரா என்று அவர் தெருவில் இறங்கி விசாரிக்க முடியாது. ஆகவே இந்த வாபஸ் செல்லாது. மனு அப்படியே நிற்கிறது."

வெறும் ஒரு வரியாக எழுதியிருந்தால் மனு அன்றோடு செத்திருக்கும். அவளுடைய பயத்துக்காக அவர்கள் இரங்கிச் சேர்க்கவிட்ட அந்த நிபந்தனைதான் அதைக் காப்பாற்றியது. எனக்குச் சிரிப்பு வந்தது. ஃபிராவ் லீன்ஹார்ட் சிரிக்கவில்லை. "அந்தப் பெண்ணைக் கூப்பிடு. திட்டாதே. அவளுக்கு என்ன வேண்டும் என்று கேட்போம்" என்றார்.

சுகந்தி வந்தாள். கதிரை நுனியில் இருந்தாள்.

"அக்கா, எனக்கு வழக்கு வேண்டாம். காசு பிள்ளைக்கு இருந்தால் காணும்."

அதை மொழிபெயர்த்தேன். ஃபிராவ் லீன்ஹார்ட் தலையாட்டினார். "அப்படியென்றால் ஒழுங்கை மாற்றுவோம். முதலில் காசு நீதிமன்றத்தின் வைப்புக்குப் போகட்டும். அது போய்ச் சேர்ந்தது என்று நீதிமன்றமே எழுதித் தந்த பிறகு, நிபந்தனை இல்லாத வாபஸ் ஒன்றை நான் அனுப்புகிறேன். நிபந்தனையைக் கடிதத்தில் எழுதக் கூடாது. செய்கிற ஒழுங்கில் வைக்க வேண்டும்." என் வேலை வாழ்க்கையில் நான் படித்த பாடங்களுக்குள் இதைவிடப் பெரிது ஒன்றும் இல்லை. இளம் பிள்ளைகளுக்குப் பிரயோசனமானது வேண்டும் என்றார் செயலாளர் தம்பி. இதுதான்.

விசாரணை நாள் வந்தது. குடும்ப வழக்கு என்றபடியால் வெளியாட்களை உள்ளே விடுவதில்லை. கோப்புகளைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு நான் நடைவழி வாங்கில் இருந்தேன். காசு இப்போது யாரிடம் இருக்கிறது என்று விசாரிக்க நீதிபதி செல்வம் அண்ணையையும் அழைத்திருந்தார். அவர் வந்து அதே வாங்கின் மற்ற நுனியில் இருந்தார். கோட்டுப் போட்டிருந்தார். நெற்றியில் வியர்வை.

"தங்கச்சி" என்றார் கொஞ்ச நேரத்தில். "உள்ளுக்கு என்ன கேப்பினம்?"

"காசு எங்க எண்டு கேப்பினம்."

"என்னட்ட இருக்கு எண்டு சொன்னால் காணுமோ?"

"முழுக்க இருக்குதோ அண்ணை?"

அவர் கையைப் பிசைந்தார். "பொங்கல் விழாவுக்கு மண்டபத்துக்கு முற்பணம் கட்டேல்லை எண்டு மண்டபக்காரர் வந்து நிண்டவங்கள். சங்கத்தில காசில்லை. ஒரு கிழமைக்கெண்டுதான் அதில கொஞ்சம் எடுத்தனான். நான் தின்னேல்லை, பிள்ளை. சத்தியமாய்த் தின்னேல்லை."

அவர் தின்னவில்லை என்று எனக்குத் தெரியும். இத்தனை வருடத்தில் எத்தனை பேரின் காசு இப்படி மண்டபத்துக்கும் தேருக்கும் விளையாட்டுப் போட்டிக்கும் ஒரு கிழமை போய் வந்திருக்குமோ, அதுவும் அவருக்கே தெரியாது. எவரும் கேட்டதில்லை. கேட்பது மரியாதையில்லை. அந்த மரியாதைமேல் எனக்கு வந்த கோபம் இன்றைக்கும் ஆறவில்லை.

"அண்ணை, உள்ள போய் உள்ளதைச் சொல்லுங்கோ."

"மானம் போயிடும்."

"இப்ப சொன்னா உங்கட மானம் கொஞ்சம் போகும். சொல்லாட்டி அந்தப் பிள்ளையின்ர காசு போகும்."

கதவு திறந்து அவரைக் கூப்பிட்டார்கள். கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு போனார்.

உள்ளதைச் சொன்னார். அது மட்டுமில்லை, குறைந்த காசைத் தன் சொந்தச் சேமிப்பிலிருந்து எடுத்து வைப்பதாக நீதிபதிக்கு முன்னாலேயே சொன்னார், வைத்தும் விட்டார். அதற்காக அவரை நான் இன்றைக்கும் மதிக்கிறேன். ஆனால் பாதுகாக்கச் சொல்லி அவரிடம் என் குடையைக்கூடக் கொடுக்க மாட்டேன்.

நீதிபதி பிரவீனாவையும் தனியாகக் கூப்பிட்டுக் கதைத்தார். என்ன சொன்னாய் என்று பிறகு கேட்டேன். "எல்லாரும் என்ர கையிலதான் தந்தவை, அப்பான்ர கையில ஒருத்தரும் தந்ததை நான் காணேல்லை எண்டு சொன்னனான்" என்றாள். நாங்கள் பக்கம் பக்கமாக எழுதியதை அவள் ஒரே மூச்சில் முடித்துவிட்டாள்.

ரவி கடைசியில் ஒத்துக்கொண்டார். நீதிபதி இணக்கத்தைப் பதிவு செய்தார். காசு முழுவதும் நீதிமன்ற வைப்புக்குப் போகும். அதில் தனக்குப் பங்கிருக்கிறது என்று தாயோ தகப்பனோ நினைத்தால் தனியாக வழக்குப் போட்டு நிறுவலாம். அப்படி எவரும் போடாவிட்டால், பிரவீனாவுக்குப் பதினெட்டு வயதானதும் அவளே கையெழுத்திட்டு எடுக்கலாம். அதுவரை எவரும் தொட முடியாது.

இனி என் வேலை. வைப்புக்கு ஏற்கும்படி அன்ராக், அதாவது விண்ணப்பம், எழுதினேன். ஏற்றுக்கொள்ளும் உத்தரவு வந்தது. ரவி காசைக் கட்டினார். இதற்கிடையில் சுகந்தியை அழைத்து வாபஸ் கடிதத்தை மேசையில் வைத்தோம். பேனை சட்டைப் பையில் இருந்தது.

"நாளைக் காலை என்ன நடக்கும்?"

"ஒண்டும் நடக்காது" என்றாள் சுகந்தி. "காசு வந்து சேர்ந்த கடிதம் வரும்வரைக்கும் இது இந்த அலுமாரிக்குள்ள இருக்கும். வந்த பிறகுதான் போகும். போனால் திரும்பி வராது."

நான் மொழிபெயர்த்து முடிக்கும் முன்னமே ஃபிராவ் லீன்ஹார்ட் பேனையை எடுத்து நீட்டினார். அவள் குரலிலேயே விளங்கியிருக்கும்.

அந்த நாட்களில் ரவியின் தமக்கை தினமும் தொலைபேசி எடுத்தார். "அவன் காசைக் கட்டிட்டான், ஏன் இன்னும் வாபஸ் போகேல்லை?" நீதிமன்றத்தின் உறுதிக் கடிதம் இன்னும் வரவில்லை என்றேன். வங்கித் துண்டைக் காட்டட்டா என்றார். நீதிமன்றக் கடிதம் என்றேன். கல்நெஞ்சுக்காரி என்றார். ஓம் அக்கா, அதே கல்நெஞ்சுக்காரிதான், கடிதம் வந்ததும் எடுக்கிறன் என்றேன். கடிதம் வந்தது. முத்திரையையும் தொகையையும் பெயரையும் பார்த்து, அலுமாரியைத் திறந்து வாபஸை அனுப்பினேன். தமக்கைக்கும் எடுத்துச் சொன்னேன். அவர் நன்றி சொல்லவில்லை, நானும் எதிர்பார்க்கவில்லை.

பிறகு ஊர் என்னை ஒதுக்கியது. சில வீட்டுக் கலியாணங்களுக்குக் கணவரின் பெயருக்கு மட்டும் அழைப்பு வந்தது. நான் சேலை உடுத்திக்கொண்டு அவரோடு போனேன். முன் வரிசையில் இருந்தேன். சாப்பாடும் நன்றாகச் சாப்பிட்டேன். "நீதிமன்றத்தில வட்டியும் இல்லையாமே" என்று ஒருவர் கேலி பண்ணினார். "ஓம், வட்டியும் இல்லை, மண்டப முற்பணமும் இல்லை" என்றேன். அதற்குப் பிறகு அவர் வேறு மேசைக்குப் போய்விட்டார்.

வருடங்கள் போயின. எவரும் வழக்குப் போடவில்லை. பிரவீனாவுக்குப் பதினெட்டு ஆனது. என் ஓய்வுக்குச் சில மாதம் இருக்கும்போது அவள் அலுவலகத்துக்கு வந்தாள், காசை விடுவிக்கும் கடதாசியில் கையெழுத்துப் போட. அவளோடு ரவியும் வந்திருந்தார். மெலிந்திருந்தார். அந்தக் காசு கைவிட்டுப் போன பிறகு அவர் ஒருவரின் கொண்டாட்டத்துக்கும் போனதில்லை. வெறுங்கையோடு போக வெட்கப்பட்டு வீட்டிலேயே இருந்துவிட்டார் என்று சுகந்தி சொல்லியிருந்தாள்.

இப்போது சங்கத்துக்காரர் பிரவீனாவிடமும் போயிருந்தார்கள். பாதியைத் தகப்பனுக்குக் கொடு பிள்ளை, அவருக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டிய கடமை இருக்கிறது என்றார்களாம். அவள் என்ன செய்யப் போகிறாள் என்று எனக்கும் தெரியவில்லை. கேட்க எனக்கு உரிமையில்லை. கேட்காமல் இருக்கவும் முடியவில்லை.

"அப்பாவுக்குக் குடுக்கப் போறியோ?"

"இல்லை அன்ரி. ஆனா சனம் எனக்குத் தந்ததை நான்தானே திருப்பிக் குடுக்கோணும்? அதை நான் குடுப்பன். அப்பா என்னோட வரட்டும்."

ரவி யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. நான் கோப்பைப் புரட்டுவதுபோல நடித்தேன்.

அடுத்த கோடையில் ஒரு சாமத்திய வீடு. மண்டப வாசலில் அன்பளிப்புப் பெட்டிக்குப் பக்கத்தில் செல்வம் அண்ணை கதிரை போட்டு இருந்தார். பெயர் எழுதாத உறைகளைப் பார்த்து எழுதுவிப்பது அவர் வேலை. பிரவீனா தகப்பனோடு வந்தாள். உறையைக் கொடுத்தாள். எனக்கு முன்னால் வரிசையில் நின்றபடியால் எல்லாம் எனக்குக் கேட்டது.

"பிள்ளை, இதில உன்ர பேர்தான் இருக்கு, அப்பான்ர பேர் இல்லை."

"ஓம் மாமா. அப்பா தரேல்லை, நான் தாறன்."

"எண்டாலும் குடும்பத்துக்கு அப்பான்ர பேரைத்தான் போடுறது."

"அப்ப என்ர சாமத்திய வீட்டுக் காசு என்ர பேரில எல்லோ நீதிமன்றத்தில இருந்தது, மாமா?"

செல்வம் அண்ணை ரவியைப் பார்த்தார். ரவி மகளுக்கு ஒரு அடி பின்னால் தள்ளி நின்றார். பின்னால் வரிசை நீண்டுகொண்டிருந்தது. எவரோ என்ன தாமதம் என்று சத்தம் போட்டார்கள். பிரவீனா அசையவில்லை.

செல்வம் அண்ணை உறையைப் பெட்டிக்குள் போட்டார். "போ பிள்ளை, உள்ள போய் மேடையில நிண்டு படம் எடு" என்றார். பிறகு ரவியைப் பார்த்து, "நீயும் போ, மகளோட நில்" என்றார்.